அவர் கண்டுபிடித்துவிட்டால்

குடை, ரயில், எலுமிச்சை. இந்த மூன்றையும் மனசில் வைத்துக்கொள்ளுங்கள் சார், கொஞ்ச நேரம் கழித்துத் திரும்பக் கேட்பேன் என்று உள்ளே டெஸ்ட் எடுக்கிற பெண் சொல்வது எனக்கும் கேட்டுவிட்டது. கதவு சரியாகச் சாத்தவில்லை. எழுந்து போய்ச் சாத்தலாம், சாத்தமாட்டேன். குடை, ரயில், எலுமிச்சை. நான் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தால் உள்ளே இருக்கிற என் வீட்டுக்காரருக்கும் ஒட்டிக்கொள்ளும் என்பதுபோல உதட்டுக்குள்ளேயே சொல்லிக்கொண்டிருக்கிறேன், கோட்டிக்காரி மாதிரி. பாளையங்கோட்டையில் ஒரு நரம்பு டாக்டரின் ஆஸ்பத்திரி மாடி. காலை வெயில் ஜன்னல் கம்பி வழியாக வந்து என் செருப்பின் மேல் கிடக்கிறது. எதிர்ச் சுவரில் பாதியாக வெட்டிய மூளையின் படம், காலிபிளவரை வகிர்ந்து வைத்த மாதிரி, ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு கலர். ஞாபகம் எந்தக் கலர் என்று தேடினேன், எழுத்து பொடிசு, தெரியவில்லை. எதிர் நாற்காலியில் வள்ளியூரிலிருந்து தன் அம்மாவைக் கூட்டி வந்திருக்கிறவர் ஏதோ சீட்டை நிரப்ப வேண்டியிருந்தது போல, "பேனா இருக்காம்மா?" என்றார். பையைத் துழாவினேன். தண்ணீர் பாட்டில், பிஸ்கட் பாக்கெட், வீட்டுச் சாவி, அவருடைய கண்ணாடிக்கூடு, ஒரு துண்டு. "இல்லீங்களே" என்றேன். சொல்லும்போதே வெட்கமாகப் போய்விட்டது. அந்த மனுஷருக்கு நான் யாரென்று தெரியாது, நல்லவேளை.

"நீங்க வெளிய இருங்கம்மா, நீங்க இருந்தா சார் பதிலுக்கு உங்க முகத்தையே பாப்பாங்க" என்று அந்தப் பெண் என்னை அனுப்பிவிட்டாள். சின்னப் பெண், காதில் சின்ன வெள்ளைக்கல் தோடு, மருதாணி வைத்த கை, என் மகள் வயசுகூட இருக்காது. பார்ப்பார்தான், அதற்கென்ன. கல்யாணம் ஆன நாளிலிருந்து என் முகத்தைப் பார்த்துத்தான் சாம்பாருக்கு உப்புப் போதுமா என்று சொல்வார். கீழே டாக்டர், இன்றைக்கு என்ன கிழமை என்று கேட்டபோது என்னைப் பார்த்தார். ரிட்டயர் ஆன மனுஷனுக்குக் கிழமை எதற்கு? எல்லா நாளும் ஞாயிற்றுக்கிழமைதானே? ஆனால் அவர் என்னைப் பார்த்ததை டாக்டர் பார்த்தார், பார்த்துவிட்டு எதையோ எழுதினார். அதை நான் பார்த்தேன். என் நாவலில் இந்த மாதிரி ஒரு இடம் வந்தால், ஒருத்தர் பார்ப்பதை இன்னொருத்தர் பார்ப்பதை மூன்றாம் ஆள் பார்ப்பது, அதற்கே ரெண்டு பக்கம் எழுதுவேன். பஸ் ஸ்டாண்டுக் கடைகளில் கிளிப் மாட்டித் தொங்குகிற மாத நாவல்களில் சி. வடிவு என்று இருப்பது நான்தான். ரத்தம் அதிகம் வராது, துப்பாக்கி வராது. ஒரே வீட்டுக்குள் இருக்கிறவர்கள் ஒருத்தரை ஒருத்தர் சந்தேகப்படுவார்கள், அவ்வளவுதான். பக்கத்தில் படுத்திருக்கிற ஆளைப் பார்த்துப் பயப்பட வைப்பது என் சோலி. அந்தச் சோலியை நன்றாகவே பார்த்திருக்கிறேன், சவம், இன்றைக்கு அது என் கழுத்தைப் பிடிக்கிறது.

இவரை இங்கே எப்படிக் கூட்டி வருவது என்று யோசித்தபோதும் கதைதான் வந்தது. உண்மையைச் சொல்லியிருக்கலாம். உங்களுக்கு மறதி அதிகமாக இருக்கு, வாங்க காட்டுவோம் என்று ஒரு வாக்கியம். அந்த ஒரு வாக்கியம் வாயில் வரவில்லை. "புது நாவலுக்குத் தகவல் வேணும்ங்க. ஞாபக சக்திக்கு டெஸ்ட் எடுக்காங்கல்லா, அது எப்படின்னு தெரியணும். நீங்க நோயாளியாப் போய் உக்காருங்க, நான் பாத்துக்கிடுதேன்" என்றேன். மனுஷனுக்கு ஒரே குஷி. வெள்ளைச் சட்டையை எடுத்து அயர்ன் பண்ணினார். ஆட்டோவில் வரும்போது என் காதருகில் குனிந்து, "ஏளா, அப்ப நான் நடிக்கணுமா?" என்றார். அங்கேதான் கெடுத்துக்கொண்டேன். வேண்டாம், ஒழுங்காகப் பதில் சொல்லுங்கள் என்று சொல்லியிருந்தால் முடிந்தது. ஆனால் பொய்யில் ஓட்டை இருந்தால் எனக்குப் பொறுக்காது, தொழில் புத்தி. நோயாளி என்று உட்கார வைத்துவிட்டு நடிக்க வேண்டாம் என்றால் சந்தேகம் வந்துவிடுமே என்று, "ஆமா, கொஞ்சம் மறந்தாப்ல காட்டிக்கிடுங்க, ரொம்ப வேண்டாம்" என்றேன். சொன்னேன். என் வாயால் சொன்னேன். இப்போது உள்ளே அவர் தப்பாகச் சொல்வது ஒவ்வொன்றும் நடிப்பா, நிஜமா? அந்தப் பெண்ணுக்குத் தெரியாது, டாக்டருக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது. இந்த முடிச்சை நானே போட்டேன். இதைவிடப் பெரிய கூத்து என்னவென்றால், இந்த முடிச்சுத்தான் இப்போது எனக்கு இருக்கிற ஒரே ஆறுதல்.

"நூறுல இருந்து ஏழு ஏழாக் கழிச்சுச் சொல்லுங்க சார்." "தொண்ணூத்தி மூணு" என்கிறார், டக்கென்று. அப்பாடா. "எண்பத்தி ஆறு." ஆமாம், ஆமாம். அப்புறம் மேலே மின்விசிறி ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு தடவை டிக் என்கிறது. எண்பத்தி ஆறில் ஏழு போனால்? எனக்கே யோசிக்க வேண்டியிருக்கிறது, எழுபத்தி ஒன்பது, பார், எனக்கே நேரமாகிறது, இதெல்லாம் ஒரு கேள்வியா, கடைக்குப் போனால் மிஷினே கணக்குப் போடுகிறது. "எதுல இருந்துமா கழிக்கச் சொன்னீங்க?" என்று கேட்கிறார். குரலில் மரியாதை. கோர்ட்டில் பெஞ்ச் கிளார்க்காக இருந்தவர், ஜட்ஜுக்குக் கீழே மேஜை போட்டுக் கேஸ் கட்டுகளை எடுத்துக் கொடுத்துக்கொண்டு, எத்தனை கொலைக் கேஸைக் காதால் கேட்டவர். எந்தக் கட்டில் எந்த சாட்சி என்ன சொன்னான் என்று வக்கீல்களே இவரிடம் வந்துதான் கேட்பார்கள். எதிலிருந்து கழிக்க வேண்டும் என்று கேட்கிறார். நடிக்கிறார். பார், எவ்வளவு நன்றாக நடிக்கிறார். குடை, ரயில், எலுமிச்சை.

கத்தியைக் கீழே வைப்பார். அதுதான் அடையாளம். சாயங்காலம் எனக்கு அத்தியாயம் முடிந்ததும் சாப்பாட்டு மேஜையில் அவர் காய் நறுக்க உட்காருவார், நான் எதிரே உட்கார்ந்து எழுதியதை வாசிப்பேன். கல்யாணத்துக்கு அப்புறம் நான் எழுத ஆரம்பித்த முதல் கதையிலிருந்து இதுதான் வழக்கம். பீன்ஸ், அவரை, கத்தரிக்காய், எதுவானாலும் கேட்டுக்கொண்டே நறுக்குவார். பாதியில் எங்கேயோ கத்தி நின்றுவிடும். மேஜையில் கத்தியைப் படுக்க வைத்துவிட்டு, என்னைப் பார்த்து, கொலைகாரன் பெயரைச் சொல்வார். சரியாக இருக்கும். சவம், எப்போதும் சரியாக இருக்கும். "எப்படிங்க?" என்றால், "நீ அவனுக்கு மட்டும் சட்டைக் கலர் சொல்லல ளா. மத்த எல்லாருக்கும் சொன்ன" என்பார். அல்லது, "நெசக் கொலகாரன் இவ்வளவு யோசிக்க மாட்டான். கூண்டுல நிக்கும்போது பாத்திருக்கேன், பாதிப் பேரு பசிக்குதுன்னு நிப்பான்" என்பார். அவர் கண்டுபிடித்துவிட்டால் நான் முடிவை மாற்ற வேண்டும். அது சட்டம், எங்கள் வீட்டுச் சட்டம். எவ்வளவு பிடித்த முடிவாக இருந்தாலும், பதிப்பாளர் எத்தனை தடவை போன் பண்ணினாலும், பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்து வேறு ஆளைக் கொலைகாரனாக்கித் திரும்ப எழுதுவேன். ஒரு நாவலுக்கு முடிவை நாலு தடவை மாற்றி, அழுதுகொண்டே எழுதி, அவர் எனக்குச் சுக்கு காபி போட்டுக் கொடுத்து, "மாத்துனா நல்லாத்தான் வருது, பாத்தியா" என்று சொல்ல, காபியோடு டம்ளரை அவர் மேல் எறியலாம் என்று வந்தது. என் பேர் நின்றதே அப்படித்தான். வாசகர்கள் யாராலும் கண்டுபிடிக்க முடியாத முடிவு என்கிறார்களே, அதில் பாதி என் மூளை, பாதி அவர் கத்தி.

அப்புறம் ஒரு நாவலில் கத்தி நிற்கவே இல்லை. கடைசி அத்தியாயத்துக்கு முந்தின அத்தியாயம் வரைக்கும் வாசித்துவிட்டு அவர் முகத்தைப் பார்க்கிறேன், வெண்டைக்காயை நறுக்கிக்கொண்டே இருக்கிறார். "யாருன்னு தெரியுதா?" "தெரியலையே ளா." எனக்குத் தலைகால் புரியவில்லை. எழுந்து நின்று கை தட்டினேன். ஜெயித்துவிட்டேன், இத்தனை வருஷத்துக்கு அப்புறம் இந்த மனுஷனை ஜெயித்துவிட்டேன். அடுத்த நாவலிலும் தெரியவில்லை. அதற்கடுத்ததிலும். எனக்குக் கொம்பு முளைத்துவிட்டது. நான் இப்போதுதான் எழுதக் கற்றுக்கொண்டிருக்கிறேன் என்று மேடையிலேயே சொன்னேன். பதிப்பாளரிடம் சொன்னேன், அவர் அதைப் பின்னட்டையில் பெரிய எழுத்தில் போட்டார்: கணவருக்கே பிடிபடாத முடிச்சு! ஆச்சரியக்குறியோடு. என் வீட்டில் என்ன நடந்துகொண்டிருக்கிறது என்பதை ஊர் முழுக்க அச்சடித்துக் கடை கடையாகத் தொங்கவிட்டேன், எனக்குத் தெரியாமல். பதினோராவது அத்தியாயத்தில், "இந்தப் புள்ள யாரு?" என்று கதாநாயகியைப் பற்றிக் கேட்டாரே. முதல் பக்கத்திலிருந்து வருகிறவளை! அப்போது நான் என்ன நினைத்தேன் என்று நினைத்துப் பார்த்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம். ஆகா, இவள் யாரென்ற சந்தேகத்தையே அவருக்கு வர வைத்துவிட்டேன், என்ன எழுத்து என்று நினைத்தேன். ஒரு நாள் வாசித்த பக்கத்தை மறுநாள் நான் தெரியாமல் திரும்ப வாசித்தபோது அதே இடத்தில் அதே மாதிரி சிரித்தார். எவ்வளவு ரசிக்கிறார் என்று நினைத்தேன். வெண்டைக்காய் பொடிப் பொடியாக, பருப்பைவிடப் பொடியாக நறுக்கப்பட்டுக் கிடந்தது, அவர் அதை நறுக்கிக்கொண்டே இருந்தார், நான் வாசித்துக்கொண்டே இருந்தேன்.

எதிர் நாற்காலி அம்மா தன் மகனைப் பார்த்து, "தம்பி, நீங்க எந்த ஊரு?" என்கிறாள். அவர் ரொம்பப் பொறுமையாக, "வள்ளியூரும்மா" என்கிறார். "நம்ம ஊராட்டம் இருக்கு" என்று சிரிக்கிறாள். அவரும் சிரிக்கிறார். எப்படி முடிகிறது? எப்படி ஐயா உன்னால் சிரிக்க முடிகிறது? நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன், ஜன்னலுக்கு வெளியே ஒரு காக்கா ஏசி பெட்டியின் மேல் உட்கார்ந்து எதையோ கொத்துகிறது. நாளைக்கு இவர் என்னிடம், நீங்க யாரு, எந்த ஊரு என்று கேட்டால் நான் என்ன சொல்வேன். சி. வடிவு என்று சொல்வேனா, வடிவம்மை என்று சொல்வேனா? இவர் கூப்பிடுகிற அந்த 'ஏளா'வை நான் எங்கே போய்த் தேடுவேன்? வேண்டாம். அந்தப் பக்கம் போகாதே. குடை, ரயில். குடை, ரயில். அந்த மூன்றாவது. குடை, ரயில்...

வரவில்லை. என்னவோ ஒன்று, சாப்பிடுகிற சாமானா, இல்லை, ஏதோ மஞ்சள். வாழைப்பழமா. இல்லை. ஐயோ, இப்போதுதானே வைத்திருந்தேன், நாக்கில்தானே இருந்தது. எனக்குமா? தண்ணீர் பாட்டில் கையில் வழுக்குகிறது. இப்படித்தான் ஆரம்பிக்குமா, இவருக்கும் இப்படித்தான் ஒரு நாள், கத்தரிக்காயைப் பாதி நறுக்கிக்கொண்டிருக்கும்போது, நான் பெருமையாக வாசித்துக்கொண்டிருக்கும்போது, மூன்றில் ஒன்று வழுக்கி விழுந்து, அதை என்னிடம் சொல்லாமல், சொல்லத் தெரியாமல், அவர் தனியாகக் குனிந்து தேடிக்கொண்டிருந்தாரா? நான் எதிரேதான் உட்கார்ந்திருந்தேன். மேஜைக்கு இந்தப் பக்கம். கை நீட்டினால் தொடுகிற தூரம். அவர் கண் எங்கே பார்க்கிறது என்று ஒரு தடவையாவது பார்த்தேனா? தாளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எலுமிச்சை. எலுமிச்சை! வந்துவிட்டது. கண்ணில் தண்ணீரும் வந்துவிட்டது, துண்டால் துடைத்துக்கொண்டேன், அவர் துண்டு, அவருடைய தேங்காயெண்ணெய் வாசம்.

ஒரு துப்பாவது ஒளித்துவைக்காமல் நான் கதை எழுதுவதில்லை. மூன்றாம் அத்தியாயத்தில் இடம் மாறி இருக்கிற குடையை முப்பதாம் அத்தியாயத்தில் எடுத்துக் காட்டுவேன். என் வீட்டில் துப்புகள் காலை மாலை என்று கிடந்தன, நான் அவற்றின் மேல் நடந்துபோய்க் கொண்டிருந்தேன். நடந்துபோனாலாவது பரவாயில்லை, பொறுக்கி எடுத்துக் கதையில் போட்டேன்! ஒரு ஞாயிற்றுக்கிழமை வெள்ளைச் சட்டையும் கறுப்புப் பேண்ட்டும் போட்டுக்கொண்டு கோர்ட்டுக்குக் கிளம்பி வாசல்வரை போய் நின்றார். "எங்க கிளம்பிட்டிய?" என்றேன். கொஞ்ச நேரம் என்னைப் பார்த்துவிட்டு, "சும்மா" என்று உள்ளே வந்து சட்டையைக் கழற்றினார். எனக்கு உடம்பு சிலிர்த்தது. பயத்தினால் இல்லை, ஆசையினால். அன்றைக்கே எழுதிவிட்டேன். போன நாவலில் வருகிற பெரியவர், ரிட்டயர் ஆகிப் பல வருஷம் கழித்தும் ஆபீஸ் உடுப்புப் போட்டுக்கொண்டு வாசலில் நிற்பார், கேட்டால் சும்மா என்பார், ஃபிரிட்ஜில் மூக்குக்கண்ணாடியை வைப்பார், பக்கத்து வீட்டுக்காரியை அவள் அம்மா பேர் சொல்லிக் கூப்பிடுவார். படிக்கிறவர்கள் நடுங்கினார்கள். கடைசியில் அவரைத்தான் கொலைகாரன் ஆக்கினேன். ஆமாம், அவரைத்தான். அதையும் மேஜையில் உட்கார்ந்து அவருக்கே வாசித்துக் காட்டினேன், பீன்ஸ் நறுக்கிக்கொண்டே கேட்டார், "பாவம்" என்றார். யாரைப் பாவம் என்றார்? செத்தவனையா, கொன்றவனையா என்று நான் கேட்கவே இல்லை.

அந்த நாவல் வந்து கொஞ்ச நாளில் தேனியிலிருந்து ஒரு வாசகி போன் பண்ணினாள். செண்பகவல்லி என்று பேர், டீச்சராம். வழக்கமாகப் பாராட்டத்தான் பேசுவார்கள், நான் அடுப்பைக் குறைத்துவிட்டு வசதியாக நாற்காலியைப் போட்டுக்கொண்டேன். "அம்மா, தப்பா எடுத்துக்காதீங்க. அந்தப் பெரியவர் கொலை பண்ணியிருக்க மாட்டார்ம்மா" என்றாள். "ஏன் அப்படிச் சொல்றீங்க?" என்றேன், சிரித்துக்கொண்டு. "அவருக்கு மறதி நோய்ம்மா. எங்க அப்பா அப்படியே இருந்தாங்க. சட்டை, கண்ணாடி, எல்லாம் அச்சு அசல். நீங்க யாரையோ பக்கத்துல இருந்து பாத்துத்தான் எழுதியிருக்கீங்க. அவங்களை ஒரு டாக்டர்கிட்ட காட்டுங்கம்மா. கொலைகாரன்னு முடிச்சிட்டீங்களே, எனக்கு அழுகையா வந்துச்சு." போனை வைத்துவிட்டேன். கத்தியைக் கீழே வைத்த மாதிரி இருந்தது. எத்தனையோ வருஷமாக எழுதி, என் முடிச்சை என்னைவிட நன்றாக அவிழ்த்தது அவள்தான். திரும்பிப் பார்த்தேன், அவர் கூடத்தில் அன்றைய பேப்பரை மடித்து, பிரித்து, மடித்து, பிரித்துக்கொண்டிருந்தார். எனக்கு அந்த நிமிஷத்திலேயே தெரியும். தெரியும், ஆனால் தெரிந்ததாக வைத்துக்கொள்ளவில்லை. மகளிடம்கூடச் சொல்லவில்லை. புது நாவலுக்குத் தகவல் என்றேன்.

"இப்ப ஒரு சின்னக் கதை சொல்றேன் சார். கேட்டுட்டு அப்படியே திரும்பச் சொல்லணும்." கதையாம். காது கதவோடு ஒட்டிக்கொள்கிறது. மாரியம்மாள் என்கிற பெண் சந்தைக்குப் போகிறாள், பஸ்ஸில் பர்ஸ் தொலைந்துவிடுகிறது, கண்டக்டர் எடுத்துவைத்திருந்து மறுநாள் கொடுக்கிறார், அவள் அவருக்குப் பழம் வாங்கிக் கொடுக்கிறாள். அவ்வளவுதான் கதை, இதில் என்ன இருக்கிறது, என் கதைகளில் எத்தனை பாத்திரம், எத்தனை வீடு, எத்தனை பொய், எல்லாவற்றையும் ஒற்றைக் கையில் பிடித்தவர் அவர். சொல்லுங்க. சொல்லுங்களேன். "ஒரு பொம்பளை" என்கிறார். "ம், சொல்லுங்க சார்." "பஸ்ல போறா." ஆமாம், அப்புறம். மின்விசிறி டிக், டிக். "அவளுக்கு ஏதோ தொலைஞ்சு போச்சு." "என்ன தொலைஞ்சுது சார்?" "அதான் தெரியல" என்கிறார். "தேடிக்கிட்டு இருக்கா."

எழுந்துவிட்டேன். கதவில் கை வைத்துவிட்டேன். உள்ளே போய்ச் சொல்லிவிட வேண்டும்: அம்மாடி, இவரை நான்தான் நடிக்கச் சொன்னேன், இந்த டெஸ்ட் செல்லாது, இன்னொரு நாள் வருகிறோம், ஒழுங்காக வருகிறோம் என்று. சொன்னால் அந்தப் பெண் பேப்பரை மடித்துவிட்டு, சரி சார், இனி நடிக்காம சொல்லுங்க என்பாள். அப்போது? அப்போதும் மாரியம்மாளுக்கு என்ன தொலைந்தது என்று தெரியாவிட்டால்? கை கதவிலேயே இருக்கிறது. நடிப்பு என்ற ஒரு ஓட்டைதான் இருக்கிறது எனக்கு, அதையும் நானே அடைக்கவா? வேண்டாம், இன்னும் கொஞ்ச நேரம் இருக்கட்டும். சந்தேகம் தீராத வரைக்கும் அவர் நல்லாத்தான் இருக்கிறார். அதே வித்தையைத்தானே நானும் பக்கம் பக்கமாகச் செய்கிறேன், அடுத்த பக்கம் திருப்பாத வரைக்கும் யாரும் சாகவில்லை. திரும்பி வந்து உட்கார்ந்தேன். வள்ளியூர்க்காரர் என்னைப் பார்த்தார். அவருடைய அம்மா என் புடவையைத் தொட்டுப் பார்த்து, "நல்ல கலரு" என்றாள்.

அப்போதுதான் அந்தக் கேள்வி வந்தது. "முதல்ல மூணு வார்த்தை சொன்னேனே சார், ஞாபகம் இருக்கா?" குடை, ரயில், எலுமிச்சை. குடைங்க. குடை. ஒன்றாவது சொல்லுங்க. ஒன்று சொன்னால் போதும், நடிக்கிற ஆள்கூட ஒன்றையாவது சொல்வானே, கொஞ்சம் மறந்தாப்லதானே நடிக்கச் சொன்னேன். நான் இரண்டு கையாலும் பாட்டிலை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, உதடு அசைய, குடை என்கிறேன், எதிரே இருப்பவர்கள் பார்த்தால் பார்க்கட்டும். அவர் நடித்தால் எனக்குத் தெரியும். கோர்ட் ஆண்டு விழா நாடகத்தில் போலீஸ்காரராக வந்து தொண்டையைச் செருமிச் செருமி, வசனத்தை ஒப்பித்து, மொத்தக் கூட்டமும் சிரித்தது. அவருக்கு நடிக்கவே வராது. பொய் சொன்னால் இடது புருவம் மேலே போய்விடும், குரல் ஒரு கட்டை ஏறிவிடும். கட்டை ஏறட்டும், சாமி, குரல் ஒரு கட்டை ஏறட்டும். "மூணு வார்த்தையா?" என்கிறார். மெதுவாக, ரொம்ப இயல்பாக, வீட்டில் பேசுகிற அதே குரலில். "எப்பம்மா சொன்னீங்க?"

அதற்கப்புறம் உள்ளே என்ன கேட்டாள், அவர் என்ன சொன்னார் என்று என் காதில் ஏறவில்லை. நாற்காலி நகர்கிற சத்தம். கதவு திறந்தது. அந்தப் பெண் முன்னால் வந்து, "முடிஞ்சுதும்மா. ரிப்போர்ட் கீழ அனுப்பிடுறேன். டாக்டர் கூப்பிடுவாங்க, அதுவரைக்கும் இங்கயே இருங்க" என்றாள். என்னைப் பார்த்துச் சொல்லவில்லை, என் தோளைப் பார்த்துச் சொன்னாள். அவர் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். வெள்ளைச் சட்டை மடிப்புக் கலையாமல் இருந்தது. என் மடியிலிருந்த தண்ணீர் பாட்டிலை எடுத்து, திறந்து, இரண்டு மடக்குக் குடித்து, மூடினார். மூடி சரியாக உட்காரவில்லை, திரும்பத் திருகினார். நான் முகத்தில் சிரிப்பை ஒட்டிக்கொண்டேன்.

"நல்லா நடிச்சியளா?" என்றேன்.

அவர் மூளைப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் கையிலிருந்த பாட்டிலை எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் நாற்காலியில் மெதுவாகப் படுக்க வைத்தார். அந்தக் கை எனக்குத் தெரியும்.

"ஏளா, நீ பேனா கொண்டு வரல" என்றார்.

"என்னது?"

"கதைக்குத் தகவல்னா நீ எப்படி இருப்பன்னு எனக்குத் தெரியாதா? எங்க கோர்ட்டுல நடந்த அந்தக் கிணத்துக் கேஸப் பத்தித் தகவல் கேட்டு என்னையவே எத்தன நாளு குடைஞ்ச. இங்க வந்து டாக்டர்ட்ட ஒரு கேள்வி கேக்கல. எழுதிக்கிடல. தண்ணி பாட்டிலும் என் துண்டும் எடுத்துட்டு வந்திருக்க." மூச்சு வாங்கிக்கொண்டார். "நோயாளி கூட வந்தவ மாதிரி இருக்க நீ."

வள்ளியூர் அம்மா எங்களைப் பார்த்துச் சிரித்தாள். அவரும் அவளைப் பார்த்து ஒரு தடவை தலையை ஆட்டினார்.

"நான் நடிக்கல வடிவு. உள்ள போகும்போதே முடிவு பண்ணிட்டேன், உங்கிட்ட சொல்லல. ஒழுங்கா, தெரிஞ்சத எல்லாம் சொல்லணும்னுதான் சொன்னேன். நல்லாச் சொல்லிட்டேன்னுதான் இருந்துச்சு." குரல் ஏறவில்லை. புருவமும் அசையவில்லை. "அந்தப் புள்ள மொகத்தப் பாத்த பொறவுதான் தெரிஞ்சுது."

நான் அவர் கையைப் பிடித்தேன். இல்லைங்க, அதெல்லாம் ஒண்ணும் இல்லைங்க என்று எதையோ சொன்னேன், இவ்வளவு காலம் வார்த்தையை விற்றுச் சாப்பிட்டவள்.

"உன் முடிச்சச் சரியாச் சொல்லிட்டேம்லா?" என்றார். நான் தலையை ஆட்டினேன். வேறென்ன செய்ய, எத்தனை வருஷம் ஆயிற்று அவர் சரியாகச் சொல்லி. அவர் முகத்தில் அந்தப் பழைய சந்தோஷம் ஒரு நிமிஷம் வந்தது, என்னைத் தோற்கடித்த சந்தோஷம். பிறகு அது அப்படியே கலங்கிப்போய், என் விரல்களைக் குழந்தை மாதிரி இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"அப்ப மாத்திரு ளா. நான் கண்டுபிடிச்சிட்டா நீ மாத்தணும்லா? முடிவ மாத்திரு."

படிக்கட்டுப் பக்கமிருந்து நர்ஸ் எட்டிப் பார்த்து, "குற்றாலிங்கம்! குற்றாலிங்கம் யாரு?" என்று கூப்பிட்டாள். அவர் என் முகத்தைப் பார்த்தார். "நீங்கதான்" என்றேன். துண்டை அவர் தோளில் போட்டு, கையைப் பிடித்து எழுப்பினேன்.

"மாத்திருதேன்" என்றேன். "வாங்க."